மதுரையா, சிதம்பரமா?

பேசாப்படக் காலம் – 17

கல்யாண வீட்டில் புது மாப்பிள்ளையைச் சுற்றி உட்கார்ந்துகொண்டு பெரிசுகள் கேட்கிற கேள்வி இது. "என்ன மாப்ளே, உங்க வீட்ல மதுரையா, சிதம்பரமா?" மதுரை என்றால் அம்மா ஆட்சி. சிதம்பரம் என்றால் அய்யா ஆட்சி. மாப்பிள்ளை நெளிவார். பெண் வீட்டுக்காரர் யாராவது அவருக்குப் பதிலாக "மதுரைதான், வேறென்ன?" என்பார். பந்தி முடியும்வரை அந்தச் சிரிப்பு ஓடும்.

இந்தக் கேலியில் ஒரு கணக்கு விட்டுப்போகிறது. சித்திரைத் திருவிழாவில் மீனாட்சிக்குப் பட்டாபிஷேகம் நடக்கிறது. ஆவணியில் சுந்தரேசுவரருக்கு. அம்மன் ஆட்சி 4 மாதம், சுவாமி ஆட்சி 8 மாதம். மதுரை, மதுரை என்று ஊரே சிரிக்கிற வீட்டிலும் எண்ணிப் பார்த்தால் அய்யாவுக்குத்தான் இரண்டு பங்கு!

வாய் பேசாத சினிமா சிரிப்புக் காட்டக் கிளம்பியபோது முதலில் கையில் எடுத்த சரக்குகளில் இதுவும் ஒன்று: வீட்டில் யார் ஆட்சி? காரணம் எளிது. ஆண் ஒருவன் கையில் துடைப்பத்தைக் கொடுத்து நிறுத்திவிட்டால் போதும். வசனம் வேண்டாம், எழுத்து அட்டை வேண்டாம். பாரிஸிலும் சிரிப்பார்கள், பரமக்குடியிலும் சிரிப்பார்கள்.

1906-லேயே பிரான்ஸில் கோமோன் கம்பெனிக்காக ஆலிஸ் கீ என்ற பெண் இயக்குநர் இப்படி ஒரு படம் எடுத்தார். பெண்ணியத்தின் விளைவுகள் என்று பெயர். சில நிமிடங்களே ஓடும் படத்தில் ஆண்கள் துணி தைக்கிறார்கள், இஸ்திரி போடுகிறார்கள், பிள்ளைக்குத் தாலாட்டுகிறார்கள். பெண்கள் காலை நீட்டி உட்கார்ந்து புகைக்கிறார்கள், குடிக்கிறார்கள், வழியில் போகிற ஆணை வம்புக்கு இழுக்கிறார்கள். கடைசியில் ஆண்கள் பொறுக்க முடியாமல் திரண்டு வந்து பெண்களை விரட்டிவிட்டுத் தங்கள் இடத்தைப் பிடித்துக்கொள்கிறார்கள். மேலோட்டமாகப் பார்த்தால் பெண்களைக் கிண்டல் செய்யும் படம். ஆனால் அந்த ஆண்கள் பொறுக்க முடியாமல் போனது எதை என்று ஒரு நிமிடம் யோசித்தால் சிரிப்பு தொண்டையில் நிற்கும். அன்றாடம் பெண்கள் பொறுத்துக்கொண்டிருந்ததைத்தானே!

நம் பக்கம் படம் காட்டும் தொழிலைத் தொடங்கி வைத்தவர் சாமிக்கண்ணு வின்சென்ட். தென்னிந்திய ரயில்வேயில் படம் வரையும் வேலை பார்த்தவர். 1905-ல் திருச்சிக்கு வந்த பிரெஞ்சுக்காரர் ஒருவரிடமிருந்து படக்கருவியை வாங்கிக்கொண்டு ஊர் ஊராகக் கிளம்பினார். பிறகு நிலையான கொட்டகைகள் வந்தன. படம்தான் பேசாது, கொட்டகை பேசிக்கொண்டே இருக்கும். ஒரு பக்கம் ஆர்மோனியமும் தபலாவும். இன்னொரு பக்கம், திரையில் வரும் எழுத்தைப் படிக்கத் தெரியாதவர்களுக்காக உரக்கப் படித்துச் சொல்கிற ஆள். அவர் எழுதியிருப்பதோடு நிறுத்தமாட்டார். தன் சரக்கையும் சேர்த்துக்கொள்வார். அமெரிக்கச் சிரிப்புப் படத்தில் வெள்ளைக்காரப் பெண்டாட்டி புருஷனை முறைத்தால், அதற்குத் தமிழில் என்ன வசனம் என்பது அன்றைக்கு அந்த ஆளின் வாயைப் பொறுத்தது. சாப்ளினும் ஹெரால்டு லாயிடும் அப்படித்தான் தமிழ் பேசினார்கள்.

அந்த வெள்ளைக்காரப் பெண்களைத் திரையில் பார்த்து அரசாங்கம் வேறு விதமாகக் கவலைப்பட்டது. அமெரிக்கப் படங்களில் அவர்கள் நடந்துகொள்ளும் விதத்தைக் கண்டு இந்தியர்கள் வெள்ளையர்மேல் வைத்திருந்த மரியாதை குறைந்துபோகுமே என்ற பேச்சு எழுந்தது. 1927-ல் சென்னை வழக்கறிஞர் திவான் பகதூர் டி. ரங்காச்சாரியார் தலைமையில் சினிமா விசாரணைக் குழு அமைந்ததற்கு இதுவும் ஒரு காரணம். அதை வேறொரு வாரம் விரிவாகப் பார்க்கலாம்.

வீட்டுக் கதையைத் திரையில் சொல்ல வீட்டுக்காரி வேண்டுமே, அவளுக்கு எங்கே போவது?

பால்கே 1913-ல் 'ராஜா ஹரிச்சந்திரா' எடுத்தபோது பட்ட பாடு பலருக்கும் தெரிந்ததுதான். தாராமதியாக நடிக்கப் பெண் யாரும் முன்வரவில்லை. பம்பாய் ஓட்டல் ஒன்றில் வேலை பார்த்த சாலுங்கே என்ற இளைஞரைப் பிடித்துச் சேலை கட்டிவிட்டார். பெண் வேடத்துக்கு வந்தவர்கள் மீசையை எடுக்க மறுத்த கதையும் உண்டு. அப்பா உயிரோடு இருக்கும்போது மீசையை எடுக்கலாமா என்பது அவர்கள் நியாயம். 1917-ல் 'லங்கா தகனம்' வந்தபோது அதே சாலுங்கே ராமனாகவும் நடித்தார், சீதையாகவும் நடித்தார். தமிழர்களின் முதல் கதைப்படமாகச் சொல்லப்படும் நடராஜ முதலியாரின் 'கீசக வதம்' இதே காலத்தது. கதையைக் கவனியுங்கள். நம் ஊர்க் கூத்தில் பீமன் சேலை கட்டி முக்காடு போட்டு, திரௌபதியாகக் கீசகனுக்குக் காத்திருப்பான். கீசகன் ஆசையோடு வந்து தொடும்போது கூட்டம் சிரிக்கிற சிரிப்பை நினைத்துக்கொள்ளுங்கள். ஆண் சேலைக்குள் இருப்பதே பாதிச் சிரிப்பு. சேலைக்குள் இருப்பவன் திருப்பி அடிப்பது மீதிச் சிரிப்பு.

ஆண் சேலை கட்டும் கலையில் மதுரையை மிஞ்ச ஊர் கிடையாது. 1918-ல் சங்கரதாஸ் சுவாமிகள் இங்கே தத்துவ மீனலோசனி வித்துவ பால சபை என்ற நாடகக் கம்பெனியைத் தொடங்கினார். பெயரிலேயே மீனாட்சி இருக்கிறாள். உள்ளேயோ ஒரு பெண்கூடக் கிடையாது. ராஜபார்ட்டும் பையன், ஸ்திரீபார்ட்டும் பையன், மாமியாரும் பையன். ஆறு வயதுச் சிறுவனாக அண்ணன்களோடு அந்தக் கம்பெனியில் சேர்ந்தவர் டி.கே. சண்முகம். அவர் அப்பா கண்ணுசாமிப் பிள்ளையே பெண் வேடத்தில் பேர்வாங்கிய நடிகர். மகன் வளர்ந்து ஔவைப் பாட்டியாக நடித்து 'ஔவை' சண்முகம் ஆனார். பின்னாளில் கமல்ஹாசன் படத்துக்கு 'அவ்வை சண்முகி' என்று பெயர் வைத்தபோது ஒரு காலத்துக்கே வணக்கம் சொன்னார். எம்.ஜி.ஆர். சிறுவனாகச் சேர்ந்ததும் மதுரைப் பெயர் தாங்கிய கம்பெனிதான்: மதுரை ஒரிஜினல் பாய்ஸ். சிவாஜி கணேசன் கட்டிய முதல் முக்கிய வேடம் சீதை.

இந்தக் கம்பெனிகளில் எல்லாப் பையன்களும் பயந்த ஒரு சொல் உண்டு: மகரக்கட்டு. குரல் உடையும் பருவம். நேற்றுவரை அல்லியாக அர்ஜுனனை அதட்டிக்கொண்டிருந்தவன், ஒரு நாள் காலையில் எழுந்து வாயைத் திறந்தால் தகரக் குரல். அன்றோடு ஸ்திரீபார்ட் போயிற்று. பெண்ணாக இருக்கும் உரிமையே தொண்டையில் தொங்கிக்கொண்டிருந்த காலம் அது. பேசாப்படத்தில் அந்தத் தொல்லை கிடையாது என்பதையும் சொல்லிவிட வேண்டும். சாலுங்கேக்கு மகரக்கட்டு வந்தால் யாருக்குத் தெரியப்போகிறது?

ஆகப் பெண்டாட்டி கதையை எழுதியவரும் ஆண், நடித்தவரும் ஆண். அவள் எப்படி முறைப்பாள், எப்படி அழுவாள், எப்போது பணிவாள் எல்லாம் ஆண்கள் பார்த்துவைத்த கணக்கு. அங்கே எழுகிற சிரிப்பு பெரும்பாலும் பெண்ணைப் பார்த்துச் சிரிக்கும் சிரிப்பாகவே இருந்தது. ஆணைப் பார்த்துச் சிரிக்க, நிஜப் பெண் ஒருத்தி வந்து நிற்க வேண்டியிருந்தது.

அப்படி அவள் வந்து நின்றபோது எதிரில் புருஷனாக நின்றவர் நம்ம புதுக்கோட்டைக்காரர்!

பி.கே. நாகலிங்கம் என்றால் யாருக்கும் தெரியாது. ராஜா சாண்டோ என்றால் தெரியும். தேகப்பயிற்சியில் ஊறிய ஆள். 1904-05-ல் இந்தியாவைச் சுற்றிப்போன ஜெர்மானியப் பயில்வான் யூஜின் சாண்டோவின் பெயர் அப்போது ஊரெல்லாம் ஒரு பட்டம்போல் பரவியிருந்தது. கட்டுமஸ்தான ஆளென்றால் சாண்டோதான். நாகலிங்கமும் அந்தப் பெயரோடு பம்பாய்க்கு ரயிலேறினார். பேசாப்படத்தில் தமிழனுக்கு இந்தி தெரியாததோ குஜராத்தி தெரியாததோ குறையே இல்லை. உடம்பும் முகமும் இருந்தால் போதும். சண்டைப் படங்களில் தொடங்கியவர் சில வருடங்களில் பம்பாயின் பெரிய கதாநாயகர்களில் ஒருவரானார்.

1926-ல் கோஹினூர் கம்பெனியில் சந்துலால் ஷா என்ற இளைஞர் 'டைப்பிஸ்ட் கேர்ள்' எடுத்தார். பங்குச் சந்தையிலிருந்து சினிமாவுக்கு வந்தவர், 17 நாளில் படத்தை முடித்தார். சுலோசனா என்ற பெயரில் நடித்த ரூபி மையர்ஸ், கோஹர், ராஜா சாண்டோ மூவரும் அதில் இருந்தார்கள். புராணத்தை விட்டுவிட்டு ஆபீசுக்கும் வீட்டுக்கும் கேமராவைத் திருப்பினால் கூட்டம் வருகிறது என்று ஷாவுக்குப் புரிந்துவிட்டது. மறு வருடம் 'குணசுந்தரி' வந்தது. ஆங்கிலத்தில் அதற்கு வைத்த பெயரைத் தமிழில் சொன்னால்: புருஷன்மார் ஏன் வழி தவறுகிறார்கள்?

கதை இதுதான். ஆபீஸ் அலுப்போடு வீடு திரும்புகிற புருஷன். அடுப்படி, பிள்ளை, மாமனார் மாமியார் என்று நாள் முழுக்க ஓடிக் களைத்த பெண்டாட்டி. அவனுக்கு ஆறுதல் சொல்ல ஆள் வேண்டும். அவளுக்கோ தன் பாட்டைச் சொல்லி முடியவே நேரமில்லை. அவன் நாட்டியக்காரி வீட்டுக்குப் போக ஆரம்பிக்கிறான். இதுவரை ஆயிரம் தடவை கேட்ட கதை. வழக்கப்படி பெண்டாட்டி பூஜை அறையில் அழ வேண்டும். தெய்வம் அசைந்து புருஷனைத் திருத்த வேண்டும். ஷாவின் குணசுந்தரி அழுதுகொண்டே இருக்கவில்லை. தன்னை அலங்கரித்துக்கொண்டு வெளியே கிளம்புகிறாள். எங்கே போகிறாய் என்று அவன் மறிக்கும்போது, நான் உன்னை அப்படிக் கேட்டேனா என்கிற பாவனையில் அதே கேள்வியை அவன் முகத்துக்கே திருப்புகிறாள்.

கொட்டகை சிரித்தது இந்த இடத்தில்தான் என்று நினைக்கிறேன். இரும்பைப் போன்ற உடம்போடு வாசலில் நிற்கிற சாண்டோவை, பதினேழு வயதை ஒட்டிய கோஹர் ஒரு கேள்வியால் வாயடைக்கிறார். படமே பேசாத படம். அதிலும் பதில் பேச முடியாமல் நிற்கிற ஆண். அந்தப் பயில்வான் உடம்பே நகைச்சுவைக்குப் பாதி வேலையைச் செய்திருக்கும்.

ஷா பெண் விடுதலைக்கு மேடை ஏறியவர் அல்லர் என்பதையும் சொல்ல வேண்டும். படம் சொன்ன பாடம், புருஷனை வீட்டோடு வைத்துக்கொள்ளப் பெண்டாட்டி நல்ல சிநேகிதியாகவும் இருக்க வேண்டும் என்பது. தவறியது அவன், திருத்திக்கொள்ள வேண்டியது இவள்! இதில் எனக்கு உடன்பாடு கிடையாது. ஆனாலும் பாடத்தைவிட அந்த வாசற்படிக் காட்சி பெரியது. 1934-ல் ஷாவே அதைப் பேசும் படமாக எடுத்தார், அதே கோஹரை வைத்து. 1948-ல் குஜராத்தியில் நிரூபா ராய் நடித்து மறுபடி வந்தது.

இதே நேரத்தில் டென்மார்க்கில் ஒருவர் பாடத்தை நேரெதிராக எழுதினார். கார்ல் டிரேயர். 1925-ல் அவர் எடுத்த படத்தின் பெயருக்கு உன் மனைவியைப் போற்றுவாயாக என்று பொருள். விக்டர் என்பவன் தொழில் நொடித்து வீட்டோடு கிடக்கிறான். காபி ஆறிவிட்டது என்றால் கோபம், வெண்ணெய் குறைந்தால் கோபம். இருக்கிற கொஞ்சத்திலும் தன் பங்கை அவனுக்கு வைத்துவிட்டு ஓடி ஓடி உழைக்கிறாள் மனைவி ஈடா. அவனைச் சிறு வயதில் தூக்கி வளர்த்த மாட்ஸ் என்ற கிழவி இதையெல்லாம் கண்ணாடிக்கு மேலாகப் பார்த்துக்கொண்டே இருக்கிறாள். ஒரு நாள் ஈடாவை ஓய்வுக்கு அனுப்பிவிட்டு வீட்டைத் தன் கையில் எடுக்கிறாள். அடுப்பு, துணி, பிள்ளை எல்லாம் விக்டர் தலையில் விழுகின்றன. பெற்ற மகனை அவன் எந்த மூலையில் நிறுத்தித் தண்டித்தானோ, அந்த மூலையிலேயே கைகட்டி அவனை நிற்க வைக்கிறாள் கிழவி.

நம் ஊரில் அந்தக் கிழவிக்கு மாமியார் என்று பெயர் வைத்திருப்பார்கள். அவள் மருமகள் பக்கம் நின்றிருப்பாளா என்பது தனி வழக்கு.

டிரேயர் ஸ்டூடியோவுக்குள் முழு வீட்டையே கட்டினார். குழாயில் தண்ணீர் வரும், அடுப்பு எரியும், விளக்கு எரியும். வீட்டு வேலை என்பது எத்தனை எட்டு நடை, எத்தனை குனிதல், எத்தனை பாத்திரம் என்று கேமரா எண்ணிக்காட்ட வேண்டும் என்பதற்காக. அந்த முதல் கால்மணி நேரத்தில் ஈடா உட்காருவதே அபூர்வம். சிரிப்பு அதன் பிறகுதான் வருகிறது. உழைப்பைக் கண்ணால் பார்த்தபிறகு விக்டர் திணறும்போது சிரிக்கிற சிரிப்புக்கு எடை அதிகம்.

பம்பாயும் கோபன்ஹேகனும் கிடக்கட்டும். மேலூர், திருமங்கலம், உசிலம்பட்டிப் பக்கம் திருவிழாவுக்குப் போனால், வள்ளி திருமணம் நாடகம் போட்டிருப்பார்கள். இரவு பத்து மணிக்குத் தொடங்கி விடியும்வரை ஓடும். முருகனும் வள்ளியும் வருவதற்கு முன்னால் பபூன் வருவார், பிறகு டான்ஸ்காரி வருவார். ஆணும் பெண்ணும் மாற்றி மாற்றி வாரிக்கொள்வார்கள். சில நாடகங்களில் 'அடிபிடி' என்றே ஒரு காட்சி உண்டு. புருஷனும் பெண்டாட்டியும் சண்டை போட்டு அடித்துக்கொள்வது. மதுரையில் தங்கி ஸ்பெஷல் நாடகக்காரர்களோடு பல காலம் பழகி ஆராய்ந்த அமெரிக்க மானுடவியலாளர் சூசன் சீசர் தன் நூலில் இந்தக் காட்சிக்குத் தனி இடம் கொடுத்தார். பெண்டாட்டி அடி வாங்குவது எப்படிச் சிரிப்பாகிறது என்பதுதான் அவருக்குப் புரியாத புதிர். ஒரு வெளியூர்க்காரர் கேட்டபிறகுதான் நமக்கும் உறைக்கிறது. நாம் சிரித்தது எதற்கு? அவள் திருப்பி அடிக்கிற அடிக்கா, அதற்கு முன்னால் அவள் வாங்கிய அடிக்கா?

பையன்கள் நடித்த காலத்தில் இந்தக் கேள்வி எழவே இடமில்லை. சேலைக்குள் இருந்தவனும் ஆண்தானே, விழுந்த அடி பொய்யடி. மேடைக்கு நிஜப் பெண் வந்தபிறகு அதே அடி வேறு மாதிரித் தெரிகிறது.

ராஜா சாண்டோ 1930-ஐ ஒட்டிச் சென்னை திரும்பினார். ஆர். பத்மநாபனின் கம்பெனிக்காகப் படங்கள் இயக்கினார். 'பேயும் பெண்ணும்' என்று ஒன்று, 'அனாதைப் பெண்' என்று ஒன்று. தலைப்புகளைப் பார்த்தாலே தெரியும், பம்பாயில் கற்ற சமூகக் கதைப் பழக்கத்தை அவர் விடவில்லை. இவற்றில் ஒரு சுருள்கூட இன்று மிஞ்சவில்லை. தென்னிந்தியா எடுத்த பேசாப்படங்களில் முழுசாகத் தப்பியது 'மார்த்தாண்ட வர்மா' ஒன்றுதான். அதுவும் காப்புரிமை வழக்கில் சிக்கிப் புத்தகக் கடை ஒன்றில் முடங்கிக் கிடந்ததால் தப்பியது. குணசுந்தரியின் வாசற்படிக் காட்சியையும் நாம் இனிப் பார்க்கப்போவதில்லை.

படம் பேசத் தொடங்கியது. 1935-ல் 'ஔவை' சண்முகம் உள்ளிட்ட டி.கே.எஸ். சகோதரர்கள் தங்கள் 'மேனகா' நாடகத்தைப் படமாக்க முனைந்தபோது இயக்கக் கூப்பிட்டது ராஜா சாண்டோவை. மதுரையில் சேலை கட்டி வளர்ந்த பையன்களும், பம்பாயில் கோஹரிடம் வாயடைத்து நின்ற பயில்வானும் சந்தித்த இடம் அது. வடுவூர் துரைசாமி ஐயங்கார் எழுதிய கதை. நாத்தனார்களின் சூழ்ச்சியில் சிக்கிச் சீரழிகிற மருமகள்; நடந்ததை விசாரிக்காமல் பெண்டாட்டி ஓடிப்போனாள் என்று நம்புகிற வக்கீல் புருஷன். என்.எஸ். கிருஷ்ணனைத் திரையில் ஜனங்கள் முதலில் பார்த்தது இதில்தான். புருஷன் பெண்டாட்டி சண்டையை ஒருவர் மற்றவரைக் கொல்லாமல் வாரிக்கொள்ளும் கலையாக மாற்றியவர் அவர், கூடவே டி.ஏ. மதுரம். அவர்களுக்கு இந்தத் தொடரில் தனி அத்தியாயமே வரும்.

மதுரைக்காரர்கள் சும்மா இருக்கவில்லை. இங்கிருந்த ராயல் டாக்கீஸார் 1937-ல் 'சிந்தாமணி' எடுத்தார்கள். எம்.கே. தியாகராஜ பாகவதர் பில்வமங்கன், அசுவத்தம்மா சிந்தாமணி. கட்டின பெண்டாட்டியை விட்டுவிட்டுத் தாசி வீட்டுக்கு ஓடுகிறவன் கதை. ஒரு வருடத்துக்கு மேல் ஓடியது. வந்த பணத்தில் மதுரையில் சிந்தாமணி என்ற பெயரிலேயே தியேட்டர் கட்டினார்கள். வழி தவறிய புருஷன் சம்பாதித்துக் கொடுத்த கட்டடம்! அதற்கு வைத்த பெயரோ வீட்டுக்காரி பெயர் இல்லை.

இரண்டு வருடம் கழித்து அதே பாகவதரை வைத்து ராஜா சாண்டோ 'திருநீலகண்டர்' இயக்கினார். பெரியபுராணத்துக் குயவர் கதை. ஊர் சிதம்பரம். குயவர் தாசி வீட்டுக்குப் போய்விட்டு வருகிறார். பெண்டாட்டிக்குத் தெரிந்துவிடுகிறது. அவள் வீட்டை விட்டுப் போகவில்லை, சமையலை நிறுத்தவில்லை. திருநீலகண்டத்தின் மேல் ஆணையிட்டு, எங்களைத் தொடக் கூடாது என்று சொல்கிறாள். என்னை என்று ஒருமையில் சொல்லியிருக்கலாம், பன்மையில் சொல்லிவிட்டாள். அவர் அதற்குப் பெண்குலத்தையே மனத்தாலும் தொடக்கூடாது என்று அர்த்தம் எடுத்துக்கொண்டு, ஒரே கூரையின் கீழ் தள்ளியே இருந்து கிழவராகிறார். அயலாருக்கு விஷயமே தெரியாது. கடைசியில் சிவனே யோகி வேடத்தில் வந்து, பத்திரமாக வைக்கக் கொடுத்த திருவோட்டைத் தானே ஒளித்துவைத்து, அதைத் திருடவில்லை என்று பெண்டாட்டி கையைப் பிடித்துக் குளத்தில் முழுகிச் சத்தியம் செய் என்று அடம்பிடித்தபோதுதான், ஏன் முடியாது என்பதைக் குயவர் தன் வாயால் ஊரறியச் சொல்ல நேர்கிறது. இருவரும் மூங்கில் கழியின் ஆளுக்கொரு முனையைப் பிடித்துக்கொண்டு குளத்தில் இறங்குகிறார்கள்.

1927-ல் வாசற்படியில் நின்று எங்கே போகிறாய் என்று கேட்டவர், 1939-ல் கேமராவுக்குப் பின்னால் நின்றுகொண்டு அந்தக் கழியை இன்னும் கொஞ்சம் நீளமாகப் பிடிக்கச் சொன்னாரா, குறைவாகவா, தெரியாது. 1943-ல் அவர் காலமானார். தமிழக அரசு சினிமாக் கலைஞர்களுக்குத் தரும் விருதுகளில் ஒன்றுக்கு இன்றும் அவர் பெயர்.

(அடுத்த வாரம்: கோவலன் பேசாப்படமானபோது, கண்ணகியின் வழக்குரைக்கு என்ன ஆயிற்று?)